லாரா: பின் டயர் உள்விளிம்பு தேய்மானம், பள்ளத்தில் ‘டொக்’ சத்தம். எந்த ஆர்ம், எந்த புஷ்?

கணவாய்க்காற்று:

வணக்கம். வண்டி ஸ்கோடா லாரா, 2011 டீசல், 1,18,000 கி.மீ. டயர் 205/55 ஆர்16. பின் டயர் இரண்டும் 14,000 கி.மீ.க்குள் உள்விளிம்பில் தேய்ந்துவிட்டன. இடது டயரில் கம்பி தெரிகிறது, வலது கொஞ்சம் பரவாயில்லை. வெளியே நின்று பார்த்தால் இரண்டும் புதுசு மாதிரிதான் தெரியும்.

உடைந்த தார் ரோட்டில் 15, 20 வேகத்தில் போனால் இடது பின்பக்கம் ‘டொக் டொக்’. ஸ்பீட் பிரேக்கரில் இறங்கும்போது ஒரே ஒரு அடி. 90க்கு மேல் லேன் மாற்றினால் முன்பக்கம் திரும்பிய பிறகுதான் பின்பக்கம் வந்து சேருகிற உணர்வு.

நாலு வீல் அலைன்மென்ட் பிரிண்ட் கையில் இருக்கிறது. பின் இடது: கேம்பர் (சக்கரம் சாய்ந்து நிற்கும் கோணம், மைனஸ் என்றால் தலை உள்ளே) −2°40′, டோ (மேலிருந்து பார்த்தால் சக்கரம் திரும்பி நிற்கும் கோணம்) −0°12′. பின் வலது: கேம்பர் −1°50′, டோ +0°04′. அலைன்மென்ட் கடையில் “பின்னாடி அட்ஜஸ்ட்மென்டே கிடையாது” என்கிறார்கள். ஒரு கராஜில் “எட்டு ஆர்மையும் மாத்திடுங்க” என்கிறார்கள். ஷாக் அப்சார்பரில் ஆயில் கசிவு இல்லை.

என் கேள்வி: எந்த ஆர்ம் (சக்கரத்தை வண்டியோடு இணைக்கும் கை) போயிருக்கிறது என்று எப்படி உறுதி செய்வது? அதன் முனையில் இருக்கும் ரப்பர் புஷ் மட்டும் மாற்றினால் போதுமா? வீட்டில் ஜாக்கி வைத்துச் செய்யக்கூடிய வேலையா?

---

ஸ்பானர்பெட்டி:

முதலில் அலைன்மென்ட் கடைக்காரர் சொன்னது தப்பு. லாராவில் பின்பக்கம் கேம்பரும் டோவும் இரண்டுமே அட்ஜஸ்ட் ஆகும். ஒரு பக்கத்துக்கு நாலு ஆர்ம். நீளவாக்கில் போகும் தகடு போன்ற டிரெய்லிங் ஆர்ம், மேலே ஒரு குறுக்கு ஆர்ம், கீழே ஸ்பிரிங்கைத் தாங்கும் அகலமான ஆர்ம், அதற்கு முன்னால் ஒல்லியாக ஒரு டிராக் ராடு. மேல் ஆர்ம் சப்ஃபிரேமில் (ஆர்ம்களின் உள்முனைகளைத் தாங்கும் இரும்புச் சட்டம்) சேருமிடத்தில் இருக்கும் எக்சென்ட்ரிக் போல்ட் (மையம் விலகியது, திருப்பினால் ஆர்மை உள்ளே வெளியே நகர்த்தும்) கேம்பருக்கு. ஸ்பிரிங் ஆர்மின் உள்முனையில் இருக்கும் எக்சென்ட்ரிக் போல்ட் டோவுக்கு. அந்த போல்ட் துருப்பிடித்துத் திரும்பாமல் இருந்தால் “அட்ஜஸ்ட்மென்ட் கிடையாது” என்று சொல்லிவிடுவது ஒரு வழக்கம்.

(2013க்குப் பிறகு வந்த ஆக்டேவியா வைத்திருப்பவர்கள் கவனிக்கவும்: எஞ்சினைப் பொறுத்துப் பின்பக்க அமைப்பே மாறும். பார்ட்ஸ் வாங்குவதற்கு முன் கீழே குனிந்து ஒரு முறை பாருங்கள்.)

பிரிண்டுக்கு வருவோம். சாதாரண சஸ்பென்ஷன் உள்ள லாராவுக்குப் பின் கேம்பர் −1°20′, கூடக் குறைய 30 நிமிடம் (60 நிமிடம் ஒரு டிகிரி). இரண்டு பக்கத்துக்கும் இடையில் 30 நிமிடத்துக்கு மேல் வித்தியாசம் கூடாது. உங்கள் வலது பக்கம் எல்லைக்கோட்டில் நிற்கிறது. இடது பக்கம் எல்லையைத் தாண்டி 50 நிமிடம் போய்விட்டது. இதுகூடப் பெரிதில்லை, கேம்பர் மட்டும் டயரை இவ்வளவு சீக்கிரம் தின்னாது. இடது டோ மைனஸில் இருப்பதுதான் விஷயம். பின் சக்கரம் டோ-இன் (முன்பக்கம் உள்ளே திரும்பி) இருக்க வேண்டியது, டோ-அவுட்டில் (முன்பக்கம் வெளியே திரும்பி) நிற்கிறது. டோ 20 நிமிடம் தவறினால் என்ன ஆகும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள்: ஒரு கிலோமீட்டர் ஓடும்போது டயர் கிட்டத்தட்ட 6 மீட்டர் பக்கவாட்டில் இழுபடுகிறது. சாய்ந்து நிற்கும் சக்கரத்தில் அந்த இழுபடல் முழுக்க உள்விளிம்பின் மேல் விழுகிறது.

டயரைக் கையால் தடவிப் பாருங்கள். குறுக்கே உள்ளிருந்து வெளியே ஒரு தடவை, வெளியிலிருந்து உள்ளே ஒரு தடவை. ஒரு திசையில் வழுக்கி, எதிர்த்திசையில் ரம்பப் பல் போலக் குத்தினால் டோ. இரண்டு திசையிலும் வழவழவென்று உள்விளிம்பு மட்டும் கரைந்திருந்தால் கேம்பர். சுற்றளவில் அங்கங்கே குழி குழியாக இருந்தால் ஷாக் அப்சார்பர். கசிவு இல்லை என்பதற்காக அதை விட்டுவிடாதீர்கள், உள்ளே வால்வு போனால் வெளியே ஆயில் வராது.

ஆர்மைச் சந்தேகப்படும் முன் வண்டியின் உயரத்தை அளக்க வேண்டும். சமதரையில் நிறுத்தி, ஹப்பின் (சக்கரம் மாட்டும் நடுப்பகுதி) மையத்திலிருந்து நேர் மேலே ஃபெண்டர் விளிம்பு வரை இரண்டு பக்கமும் அளந்து எழுதிக்கொள்ளுங்கள். ஸ்பிரிங் தளர்ந்து ஒரு பக்கம் இறங்கியிருந்தால் கேம்பர் தானாகவே மைனஸில் கூடும். 10 மி.மீ.க்கு மேல் வித்தியாசம் இருந்தால் முதலில் ஸ்பிரிங்கின் கடைசிச் சுற்று உடைந்திருக்கிறதா என்று பாருங்கள். அழுக்கு மூடியிருப்பதால் அந்த உடைப்பு எளிதில் தெரியாது.

அடுத்து ஆட்டம் பார்ப்பது. இங்கேதான் பல பேர் ஏமாறுகிறார்கள். வண்டியைத் தூக்கிச் சக்கரத்தைத் தொங்கவிட்டு ஆட்டிப் பார்த்தால் புஷ் நன்றாக இருப்பது போலவே இருக்கும். தொங்கும்போது புஷ் ரப்பர் முறுக்கி இறுகி நிற்கிறது, வண்டியின் பளுவும் இல்லை. அதனால் தூக்கிய நிலையில் பேரிங்கை மட்டும் சோதியுங்கள்: 12 மணி, 6 மணி இடத்தில் பிடித்து ஆட்டவும். ஆட்டம் இருந்தால் ஒருவரைப் பிரேக்கை மிதித்துப் பிடிக்கச் சொல்லி மறுபடி ஆட்டவும். ஆட்டம் மறைந்துவிட்டால் பேரிங். அப்படியே இருந்தால் ஆர்ம் அல்லது புஷ்.

புஷ் பார்க்க, நாலு சக்கரமும் தரையில் நிற்க வேண்டும். பிட்டில் அல்லது அலைன்மென்ட் ராம்பில் விட்டு, லிவர் கம்பியை ஆர்முக்கும் சப்ஃபிரேமுக்கும் நடுவில் கொடுத்து மெதுவாக நெம்பவும். புஷ்ஷின் நடு சிலீவ் (போல்ட் நுழையும் இரும்புக் குழல்) வட்டத்தின் மையத்தில் இருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பாருங்கள். ரப்பரின் மேல்தோலில் மெல்லிய வெடிப்புகள் இருப்பது வயசு, பழுது இல்லை. சிலீவ் ஒரு பக்கம் ஒதுங்கியிருப்பது, ரப்பர் சிலீவிலிருந்து உரிந்திருப்பது, ஓரத்தில் கறுப்புப் பொடியோ செந்துருப் பொடியோ கொட்டியிருப்பது, இவைதான் பழுது.

எந்தப் பக்கம் ஒதுங்கியிருக்கும் என்பதும் முன்கூட்டியே தெரியும். டயர் தரையைத் தொடும் இடம் ஸ்பிரிங்குக்கு வெளியே இருக்கிறது. அதனால் பளு ஏறும்போது சக்கரத்தின் தலை உள்ளே சாயப் பார்க்கும். மேல் ஆர்ம் உள்நோக்கித் தள்ளப்படும், கீழே இருப்பவை வெளிநோக்கி இழுபடும். மேல் ஆர்ம் புஷ் தளர்ந்தால் கேம்பர் மைனஸில் கூடும். டிராக் ராடு சக்கர மையத்துக்கு முன்னால் இருப்பதால், அதன் புஷ் தளர்ந்து வெளியே இழுபட்டால் சக்கரத்தின் முன்பக்கம் வெளியே போகும், டோ-அவுட். உங்கள் பிரிண்டில் இடது பக்கம் இரண்டுமே இருக்கிறது. என் ஊகம்: இடது மேல் ஆர்ம் உள் புஷ், இடது டிராக் ராடு. மேல் ஆர்முக்கும் கீழ் ஆர்முக்கும் இடைவெளி கால் மீட்டர் என்று வைத்துக்கொண்டால் புஷ் 3 மி.மீ. நகர்ந்தாலே கேம்பர் 40 நிமிடம் மாறும். 50 நிமிடத்துக்குக் கணக்குச் சரியாக வருகிறது.

---

குறுக்குச்சந்து:

ஸ்பானர்பெட்டி சார் சொன்னது எல்லாம் சரி. டொக் சத்தத்துக்கு மட்டும் ஒண்ணு சேர்த்துக்கோங்க. ஆர்ம் வாங்கறதுக்கு முன்னாடி ஸ்டெபிலைசர் லிங்க் (வண்டி வளைவுல சாயாம தடுக்கற பாரை ரெண்டு பக்கமும் சேக்கற சின்ன கம்பி) ரெண்டையும் கழட்டி ஓரமா கட்டிட்டு, அதே ரோட்டுல 20 வேகத்துல ஒரு ரவுண்டு. சத்தம் நின்னுட்டா குத்தம் லிங்க்லயோ பார் புஷ்லயோதான், விலை கம்மி. ஒரு பக்க லிங்க் மட்டும் கழட்டினா பார் ஒரு முனையில தொங்கி அதுவே சத்தம் போடும், ரெண்டையும் கழட்டணும். கழட்டின வண்டிய ஹைவேயில எடுத்துட்டுப் போகாதீங்க, வளைவுல ரொம்ப சாயும்.

அதுக்கும் முன்னாடி டிக்கியில ஜாக்கி, ஸ்டெப்னி, வீல் ஸ்பானர் எல்லாத்தையும் வெளிய எடுத்து வெச்சுட்டு ஓட்டிப் பாருங்க. சிரிக்காதீங்க. ஷாக் அப்சார்பர் மேல் மவுண்ட் போல்ட் தளர்ந்திருந்தாலும் இதே டொக்குதான்.

---

கணவாய்க்காற்று:

இரண்டு பேருக்கும் நன்றி. பார்த்தவை:

உயரம் இடது, வலது வித்தியாசம் 3 மி.மீ. தான். டயரில் ரம்பப் பல் தெளிவாக இருக்கிறது. பிரேக் மிதித்தாலும் ஆட்டம் போகவில்லை. லிங்க் கழற்றியும் சத்தம் அப்படியே. பிட்டில் பார்த்ததில் இடது மேல் ஆர்ம் உள் புஷ்ஷின் சிலீவ் சக்கரப் பக்கமாக ஒட்டிக் கிடக்கிறது, எதிர்ப்பக்கம் ரப்பர் உரிந்து இடைவெளி தெரிகிறது. டிராக் ராடின் உள் புஷ் நெம்பினால் நன்றாகவே நகர்கிறது. வலது பக்கம் மேல் ஆர்ம் புஷ்ஷில் வெடிப்பு, ஆனால் மையத்தில் இருக்கிறது. ஸ்பிரிங் ஆர்ம் புஷ் இரண்டு பக்கமும் சுமார்.

எக்சென்ட்ரிக் போல்ட்: இடது பக்கம் இரண்டும் திரும்பவில்லை. நட்டு தளர்ந்தது, போல்ட் தலையைத் திருப்பினால் ரப்பர் சேர்ந்து முறுக்குகிறது, விட்டால் பழைய இடத்துக்கே வந்து நிற்கிறது.

---

அரை_இஞ்ச்_டிரைவ்:

போல்ட் சிலீவோடு துருவில் ஒட்டிவிட்டது. இனி அந்த போல்ட்டைக் காப்பாற்ற நினைக்காதீர்கள். வெட்டித்தான் எடுக்க வேண்டும், அதோடு அந்த ஆர்மும் போகும். அதனால் ஸ்பிரிங் ஆர்ம் புஷ் சுமாராக இருக்கிறதா இல்லையா என்ற கேள்வியே இல்லை, இடது ஸ்பிரிங் ஆர்மும் பட்டியலில் வந்துவிட்டது.

வாங்க வேண்டியது: மேல் ஆர்ம் 2, டிராக் ராடு 2, ஸ்பிரிங் ஆர்ம் 2. ஒரு பக்கம் புது ரப்பர், மறுபக்கம் பன்னிரண்டு வருஷத்துக்கு மேல் பழசான ரப்பர் என்றால் பளுவில் இரண்டும் வேறு வேறு அளவு விட்டுக்கொடுக்கும், அதனால் ஜோடியாகத்தான். எக்சென்ட்ரிக் போல்ட், அதன் எக்சென்ட்ரிக் வாஷர், நட்டு, இது 4 செட். மற்ற முனைகளுக்குப் பக்கத்துக்கு 4 போல்ட் என்று 8, நட்டோடு. டார்க் (அளந்த இறுக்கம்) கொடுத்து அதன்மேல் கோணம் திருப்பும் போல்ட் எல்லாம் ஒரு முறை நீட்சி அடைந்தது, மறுபடி போடக் கூடாது. ஸ்பிரிங்கின் மேல், கீழ் ரப்பர் சீட் 4. டிரெய்லிங் ஆர்மை விட்டுவிடலாம். அதன் முன் புஷ்ஷை மட்டும் பாருங்கள். ஒருவர் வண்டியை முதல் கியர், ரிவர்ஸ் மாற்றி மாற்றி ஓர் அடி நகர்த்த, பிட்டில் இருப்பவர் அந்த புஷ்ஷைப் பார்த்தால் தெரிந்துவிடும்.

கருவி: நல்ல ஆக்சில் ஸ்டாண்ட் 2, ஜாக்கி 2, டார்க் ரெஞ்ச், கோண அளவி, நீளமான பவர் பார், உள்ளே நுழையும் தட்டு வகை ஸ்பிரிங் கம்ப்ரெஸர். வெளியே கொக்கி போடும் வகை இங்கே இடம் பற்றாது, நழுவும். கம்ப்ரெஸர் இல்லை என்றால் இந்த வேலையை வீட்டில் தொடங்காதீர்கள். ஆர்மை ஜாக்கியில் இறக்கி ஸ்பிரிங்கை எடுப்பவர்கள் உண்டு. அவர்களும் ஸ்பிரிங்கைச் சங்கிலியால் ஆர்மோடு கட்டிவிட்டுத்தான் இறக்குவார்கள்.

வேலை வரிசை.

முதல் நாள் இரவே எல்லா போல்ட்டின் இரண்டு முனையிலும் துரு ஆயில் அடித்து ஊறவிடவும். வண்டி தரையில் நிற்கும்போது ஹப் மையம் முதல் ஃபெண்டர் விளிம்பு வரை அளந்த அளவு, நீங்கள் ஏற்கெனவே எடுத்ததுதான், அதைக் கண்ணாடியில் மார்க்கரால் எழுதி வையுங்கள். இந்த ஒரு எண் இல்லாமல் கடைசி வேலை நடக்காது.

முன் சக்கரத்துக்குக் கட்டை. பின்பக்கம் இரண்டையும் தூக்கி, ஸ்டாண்டை பாடியின் ஜாக்கிப் புள்ளியில் வைக்கவும், ஆர்மில் அல்ல. ஜெனான் ஹெட்லைட் உள்ள வண்டியில் பின் ஆர்மோடு சேர்ந்து ஒரு உயர சென்சாரின் சின்ன லிங்க் இருக்கும். அதை முதலிலேயே கழற்றிவிடுங்கள், மறந்தால் பிளாஸ்டிக் உடைந்து செலவு வைக்கும். ஏபிஎஸ் ஒயர், பிரேக் ஹோஸ், ஹேண்ட்பிரேக் கேபிள் இவற்றின் கிளிப்புகளையும் விடுவிக்கவும்.

கம்ப்ரெஸரால் ஸ்பிரிங்கை இறுக்கி எடுத்துவிடுங்கள். அதன்பின் ஸ்பிரிங் ஆர்மின் வெளி போல்ட். ஸ்பிரிங் வெளியே வந்த பிறகு மேல் ஆர்மைத் தொடுவது நல்லது. ஸ்பிரிங் பளு இருக்கும்போது மேல் ஆர்மைக் கழற்றினால் ஹப் திடீரென்று சாயும், விரல் மாட்டும்.

ஒட்டிய எக்சென்ட்ரிக் போல்ட்டை வெட்ட, ஆர்மின் புஷ்ஷுக்கும் சப்ஃபிரேம் காதுக்கும் (போல்ட் துளை இருக்கும் தகடு) நடுவே ரம்பப் பிளேடு மெஷினைக் கொடுத்து இரண்டு பக்கமும் வெட்டுங்கள். இடம் குறுகல், பொறுமை வேண்டும். கிரைண்டர் வைத்தால் சப்ஃபிரேம் காதில் ஒரு கீறல் விழுந்தாலும் எக்சென்ட்ரிக் வாஷர் உட்காரும் தளம் கெடும். கேஸ் வைத்துச் சூடாக்கவே கூடாது. பின் ஆக்சிலுக்கு முன்னால் டீசல் டேங்க், பக்கத்திலேயே பிரேக் குழாய்கள். புஷ் ரப்பர் எரிந்தால் வரும் புகையும் நல்லதல்ல. வெட்டிய பிறகு சப்ஃபிரேம் காதுகளை வயர் பிரஷ்ஷால் தேய்த்து, எக்சென்ட்ரிக் ஓடும் இரண்டு வரம்பும் சரியாக இருக்கிறதா என்று பார்க்கவும். அந்த வரம்பு மழுங்கியிருந்தால் புது போல்ட் போட்டாலும் அலைன்மென்ட் நிற்காது.

போல்ட்டை வெளியே உருவ இடம் பற்றாமல் எங்காவது முட்டினால் அடித்து வளைக்காதீர்கள். சப்ஃபிரேமின் நிலையைப் பெயின்ட்டால் குறித்துவிட்டுக் கொஞ்சம் இறக்கினால் இடம் கிடைக்கும்.

ஒரு நேரத்தில் ஒரு ஆர்ம். பழையதை எடு, புதியதைப் போடு, அடுத்ததற்குப் போ. மூன்றையும் ஒன்றாகக் கழற்றினால் ஹப் டிரெய்லிங் ஆர்மில் முறுக்கிக்கொண்டு தொங்கும், துளைகளை நேர் சேர்க்க ஒரு மணி நேரம் போகும், பிரேக் ஹோஸும் இழுபடும். புது ஆர்மையும் பழையதையும் பக்கத்தில் வைத்து நீளம், புஷ் அகலம் ஒப்பிட்டுப் பார்க்காமல் மாட்ட வேண்டாம். ஆர்ம் எந்தப் பக்கம் மேல், எது உள்முனை என்பதைப் பழையது கழலும் முன்னரே போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்.

எல்லா போல்ட்டையும் கையால் சேருமளவு மட்டும். ஸ்பிரிங்கை வைக்கும்போது அதன் முனை ரப்பர் சீட்டின் படியில் முட்டி உட்கார வேண்டும். அரை அங்குலம் விலகினாலும் வண்டி உயரம் மாறும், ஓடும்போது டங் என்று திரும்பி உட்காரும்.

இப்போதுதான் முக்கியமான இடம். ரப்பர் புஷ் சுழலும் பேரிங் இல்லை. ரப்பர் உள் சிலீவோடும் வெளி உறையோடும் ஒட்டியிருக்கிறது. போல்ட்டை இறுக்கியதும் உள் சிலீவ் சப்ஃபிரேமில் பூட்டிக்கொள்கிறது. அந்தக் கணத்தில் ஆர்ம் எந்தக் கோணத்தில் இருக்கிறதோ அதுதான் ரப்பருக்கு முறுக்கில்லாத நிலை. சக்கரம் தொங்கும்போது இறுக்கினால், வண்டி தரையில் இறங்கியதும் ரப்பர் நிரந்தரமாக முறுக்கியே நிற்கும். சில மாதத்தில் கிழியும், அதுவரை வண்டி சில மி.மீ. உயரமாகவும் நிற்கும். “புது ஆர்ம் போட்டேன், ஒரு வருஷம்கூட வரலை, டூப்ளிகேட்” என்று வரும் புகார்களில் நிறைய இப்படி இறுக்கியதுதான்.

எனவே ஜாக்கியை ஹப்புக்குக் கீழே கொடுத்து, கண்ணாடியில் எழுதிய அந்த எண் வரும் வரை தூக்குங்கள். வண்டி ஸ்டாண்டிலிருந்து எழும்பப் பார்த்தால் டிக்கியில் இரண்டு மணல் மூட்டை வையுங்கள். அந்த உயரத்தில் இறுக்க வேண்டும். எக்சென்ட்ரிக் போல்ட்டுகள் 95 நியூட்டன் மீட்டர். ஷாக் அப்சார்பரின் கீழ் போல்ட்டைக் கழற்றியிருந்தால் அது 180. மற்றவை டார்க் பிளஸ் கோணம். போல்ட்டுக்குப் போல்ட் வித்தியாசம், உங்கள் வண்டியின் சர்வீஸ் மேனுவலில் இருக்கும் எண்ணையே போடுங்கள், பொதுவான அட்டவணை வேண்டாம். எக்சென்ட்ரிக்கில் நியூமேட்டிக் கன் வைக்காதீர்கள், ஒரே அடியில் கேம் சுழன்று மறுபக்கம் போய்விடும். இதற்குச் சர்வீஸ் ஸ்டேஷனில்கூடக் கையால்தான்.

நேரம்: போல்ட் ஒட்டாத வண்டி என்றால் இரண்டு பேருக்கு அரை நாள். உங்கள் வண்டிக்கு ஒரு முழு நாள் ஒதுக்குங்கள்.

---

பஞ்சாலைமணி:

ஏனுங்க, ஆர்ம் முழுசா வாங்கறதுக்கு பதிலா லேத் பட்டறையில புஷ் மட்டும் அடிச்சு வாங்கினா நாலுல ஒரு பங்கு செலவுல முடியுமேங்க? இன்னோவாவுக்கு எல்லாரும் அப்படித்தானுங்களே செய்யறாங்க?

---

அரை_இஞ்ச்_டிரைவ்:

இன்னோவா ஆர்ம் கனமான உருக்கு. பிரஸ்ஸில் போட்டால் தாங்கும். லாராவின் ஸ்பிரிங் ஆர்ம் தகட்டை மடித்துச் செய்தது, சரியான கிண்ணம் வைக்காமல் அழுத்தினால் புஷ் உறை முட்டை வடிவமாகிவிடும். அதன்பின் எந்தப் புஷ் போட்டாலும் இரண்டு மாதம். டிரெய்லிங் ஆர்ம் முன் புஷ்ஷைப் போன்றவற்றில் ரப்பருக்குள் வேண்டுமென்றே குழிவு விட்டிருப்பார்கள். முன்பின்னாகக் கொஞ்சம் விட்டுக்கொடுக்க, பக்கவாட்டில் விறைப்பாக நிற்க. பட்டறையில் வார்க்கும் புஷ்ஷில் அந்தக் குழிவும் இருக்காது, ரப்பரின் கடினமும் அளவு பார்த்து வராது. ஒரிஜினல் புஷ் வாங்கினாலும் குழிவு எந்தத் திசையில் என்று குறித்து அதே கோணத்தில் ஏற்ற வேண்டும். 90 டிகிரி திரும்பிப் போனால் வண்டி முரட்டுத்தனமாகவும் இருக்கும், பின்பக்கம் மிதக்கவும் செய்யும்.

பாலியூரித்தேன் புஷ் பற்றியும் யாராவது கேட்பார்கள், இப்போதே சொல்லிவிடுகிறேன். அது ஒட்டாத வகை, சிலீவின் மேல் வழுக்கித் திரும்புவது. தரை உயரத்தில் இறுக்க வேண்டிய தொல்லை அதில் இல்லை. ஆனால் கிரீஸ் காய்ந்தால் கீச்சிடும். பல திசையில் வளைய வேண்டிய இடத்தில் போட்டால் வளையாமல் பளுவை ஆர்முக்கே அனுப்பும். அன்றாட ஓட்டத்துக்கு நான் சொல்ல மாட்டேன். லெம்ஃபோர்டர், டிஆர்டபிள்யூ, ஃபெபி, மைலே ஆகிய கம்பெனிகளில் புஷ்ஷோடு முழு ஆர்மே கிடைக்கும். வாங்கும்போது வண்டியின் சேசிஸ் எண்ணைக் கொடுத்து பார்ட் நம்பர் பொருத்திக்கொள்ளுங்கள்.

---

ஸ்பானர்பெட்டி:

பஞ்சாலைமணி, இன்னோவா கதை வேறு. முதல் தலைமுறை இன்னோவாவில் பின்பக்கம் ஒரே தண்டு ஆக்சில். மேல் ஆர்ம் 2, கீழ் ஆர்ம் 2, குறுக்கே ஒரு லேட்டரல் ராடு. மொத்தம் 5 ஆர்ம், 10 புஷ். பின் கேம்பர், டோ அட்ஜஸ்ட்மென்ட் உண்மையிலேயே கிடையாது. அங்கே புஷ் போனால் டயர் உள்விளிம்பு தேயாது. கிளட்ச் விடும்போதும் பிரேக் பிடிக்கும்போதும் அடியில் ஒரு இடி, ஆள் ஏற்றிக்கொண்டு வளைவில் போனால் பின்பக்கம் ஆட்டம், அதுதான் அறிகுறி. ஒருவர் வண்டியைப் பக்கவாட்டில் தள்ளித் தள்ளி விட, கீழே இருந்து லேட்டரல் ராடின் இரண்டு முனையையும் பாருங்கள். ஆக்சில் நகராமல் பாடி மட்டும் நகர்ந்து திரும்பினால் அந்தப் புஷ்.

அதிலும் ஒன்று ஒன்றாகத்தான் கழற்ற வேண்டும். இரண்டு மேல் ஆர்மையும் சேர்த்து எடுத்தால் ஆக்சில் உருண்டு, டிஃபரன்ஷியல் மூக்கு சாய்ந்து, ப்ரொப்பல்லர் ஷாஃப்ட் ஜாயின்ட் முறுக்கிக்கொள்ளும். பளுவைப் பார்த்துப் பின் பிரேக்கைக் குறைக்கும் வால்வுக்கு ஆக்சிலிலிருந்து ஒரு கம்பி போகும், அதை வளைக்காதீர்கள். தரை உயரத்தில் இறுக்கும் விதி அங்கேயும் அதேதான். லேட்டரல் ராடுக்கு இரட்டிப்பாக, ஏனென்றால் தொங்கும்போது இறுக்கினால் ஆக்சிலையே ஒரு பக்கம் இழுத்து வைக்கும்.

கணவாய்க்காற்று, உங்களுக்கு அலைன்மென்ட் பற்றி மட்டும் மிச்சம். புது ஆர்ம் போட்டதும் எக்சென்ட்ரிக்கைப் பழைய குறியில் வைப்பதில் பயனில்லை, பழைய குறி தளர்ந்த புஷ்ஷுக்கு வைத்தது. நடுவில் வைத்து இறுக்கி, மெதுவாக ஓட்டி நேராகக் கடைக்குப் போங்கள். டேங்க் நிறைந்திருக்கட்டும், டிக்கி காலியாக இருக்கட்டும், டயர் காற்று சரியாக இருக்கட்டும். வரிசை: பின் கேம்பர், பின் டோ, கடைசியில் முன் டோ. கேம்பர் எக்சென்ட்ரிக்கைத் திருப்பினால் டோவும் கொஞ்சம் நகரும், அதனால் கேம்பருக்குப் பிறகு டோ, பிறகு கேம்பரை மறுபடி ஒரு முறை. குறி: இரண்டு பக்கமும் −1°20′ ஒட்டி; டோ இரண்டும் சேர்த்து +10 நிமிடம், பக்கத்துக்கு 5. பின் டோ இரண்டு பக்கமும் சமமாக இல்லை என்றால் வண்டி நண்டு போலப் போகும், ஸ்டீயரிங்கை நேராக்க முன்பக்கத்தை எவ்வளவு திருப்பினாலும் தீராது. ஜெனான் சென்சார் இருந்தால் ஹெட்லைட் உயரத்தை டயக்னாஸ்டிக் கருவியில் ஒரு முறை செட் செய்யச் சொல்லுங்கள். எக்சென்ட்ரிக் தலையில் பெயின்ட் கோடு போட்டுவிட்டு, 500 கி.மீ. கழித்துக் கோடு நகர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். நகர்ந்திருந்தால் அந்தக் காது தளத்தில் துரு மிச்சம் இருக்கிறது.

---

கணவாய்க்காற்று:

எல்லாம் தெளிவாகிவிட்டது. ஒரே சந்தேகம்: வலது டயரில் இன்னும் 4 மி.மீ. இருக்கிறது. அதை முன்பக்கம் மாற்றி ஓட்டலாமா?

---

குறுக்குச்சந்து:

நடுவுல அளந்தா 4 மி.மீ. இருக்கும். உள்விளிம்புல அளந்து பாருங்க, அதுதான் உண்மையான ஆழம். தேய்மான அடையாளக் கட்டைய, அதாவது 1.6 மி.மீ.ய, உள்விளிம்பு தொட்டிருந்தா டயர் முடிஞ்சது. தொடலைன்னாலும் முன்னாடி போடாதீங்க. ரம்பப் பல் பிடிச்ச டயர் முன்பக்கம் வந்தா 60 வேகத்துல இருந்தே ஊளை விடும். கேக்கறவங்க பேரிங் போச்சுன்னு சொல்லி பேரிங்கையும் மாத்த வெச்சிடுவாங்க. பின்னாடியே போட்டு ஓட்டினா அலைன்மென்ட் சரியான பிறகு அந்தப் பல் கொஞ்சம் கொஞ்சமா மழுங்கும், சத்தம் ஒரேயடியா போகாது. அதுவரை “ஆர்ம் மாத்தியும் சத்தம் போகலையே”ன்னு கழட்டிப் பாக்காதீங்க. இடது டயர் கம்பி தெரியுதுன்னு சொன்னீங்க, அதுல அலைன்மென்ட் கடை வரைக்கும்கூட வேகமா போகாதீங்க. ரெண்டு புது டயர் போட்டுட்டே அலைன்மென்ட்டுக்குப் போறது நல்லது.